குறுந்தொகைக்கும் கோடம்பாக்கத்துக்கும் நடுவில் நேர்கோடு இல்லை

தமிழ்க் காதலைப் பற்றிப் பேச மேடை ஏறுகிறவர்கள் பெரும்பாலும் ஒரே கோட்டைத்தான் இழுக்கிறார்கள். குறிஞ்சி நிலத்துத் தினைப்புனத்தில் புறப்படும் அந்தக் கோடு, கம்பனின் மிதிலை மாடத்தைத் தொட்டு, பாரதியின் கண்ணம்மாவைக் கடந்து, கோடம்பாக்கத்துப் படப்பிடிப்புத் தளத்தில் வந்து நிற்கிறது. இரண்டாயிரம் ஆண்டுகளாகத் தமிழர் ஒரே விதமாகக் காதலித்தார்கள், ஒரே விதமாக அதைச் சொன்னார்கள், சினிமாக் காதல் அகப்பாட்டின் இன்றைய உருவம் என்பது அந்தப் பேச்சின் சாரம். சென்னைப் பட்டிமன்றங்களில் கேட்பது இதுதான். கண்டி, கம்பளை, நாவலப்பிட்டிப் பாடசாலைகளின் தமிழ்த்தின மேடைகளில் பிள்ளைகள் மனனம் செய்து சொல்வதும் இதுதான். காதலும் வீரமும் தமிழரின் இரு கண்கள் என்று திராவிட இயக்க மேடைகள் நெடுங்காலம் முழங்கியதால், இதை மறுப்பது தமிழையே மறுப்பதாகத் தோன்றும் அளவுக்கு இந்தக் கருத்து உறைந்துவிட்டது. ஆனாலும் மறுக்க வேண்டியிருக்கிறது. அகப்பாட்டுக்கும் சினிமாக் காதலுக்கும் பிறப்புறவு இல்லை. இருப்பதாகச் சொல்வதால் இரண்டு அநியாயங்கள் நடக்கின்றன. சங்கக் கவிதை எதைச் சாதித்தது, எவரை வெளியே நிறுத்தியது என்ற இரண்டும் மறைந்துபோகின்றன. அந்தக் கோட்டின் மேல் நிற்காத தமிழர்கள், முதன்மையாக மலையகத் தோட்டத் தொழிலாளர்கள், காதலைச் சொன்ன விதம் காதல் இலக்கியக் கணக்கிலேயே சேராமல் போகிறது.

முதலில் காலத்தைப் பார்ப்போம். ஒரு மரபு தொடர்ந்தது என்றால் அது கைமாறியிருக்க வேண்டும். மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் ஆண்டுக்கணக்கில் பாடம் கேட்ட உ.வே. சாமிநாதையருக்கே பழைய நூல்களின் உலகம் 1880இல் சேலம் இராமசாமி முதலியார் கேட்ட கேள்விக்குப் பிறகுதான் திறந்தது; அதை அவரே தம் வாழ்க்கை வரலாற்றில் எழுதி வைத்திருக்கிறார். யாழ்ப்பாணத்துச் சிறுப்பிட்டியில் பிறந்த சி.வை. தாமோதரம்பிள்ளை தொல்காப்பியப் பொருளதிகாரத்தை 1885இலும் கலித்தொகையை 1887இலும் அச்சேற்றினார். ஐங்குறுநூறு 1903இல் வந்தது. நற்றிணையும் குறுந்தொகையும் 1915இல் வந்தன. குறுந்தொகையின் சாமிநாதையர் பதிப்பு 1937இல்தான் வெளியானது. இதற்கிடையில் தமிழில் கதை சொல்வது நின்றுவிடவில்லை. கண்டியில் வாழ்ந்த வழக்கறிஞர் சித்திலெப்பை, மிஸ்ர் தேசத்தில் பிறந்து கடத்தப்பட்டு இந்தியாவில் வளரும் இளைஞன் ஒருவனின் சாகசக் கதையான ‘அசன்பே சரித்திர’த்தை 1885இல் வெளியிட்டுவிட்டார். குறுந்தொகை அச்சுக்கு வருவதற்கு முப்பது ஆண்டுகளுக்கு முன்பே, எங்கள் கம்பளையிலிருந்து கூப்பிடு தூரத்தில், ஒரு தமிழ் நாவல் பிறந்துவிட்டது. அரபு, பாரசீகக் கதைமரபும் ஆங்கில நாவலும் கைகொடுக்க எழுந்த நூல் அது. அந்தத் தலைமுறையின் கதாசிரியர்கள் கையில் அகநானூறு இல்லை. ஏட்டில் இருந்ததே என்றால், ஏட்டில் இருந்தது சில மடங்களிலும் சில வீட்டுப் பரண்களிலும். பரணில் கிடப்பது காக்கப்படலாம். அங்கிருந்து ஒரு கதை சொல்லும் வழக்கம் மக்களுக்குள் இறங்கி நடக்காது.

அப்படியானால் சினிமாக் காதல் எங்கிருந்து வந்தது? இதற்கு ஊகம் தேவையில்லை. படங்களின் பெயர்களே விடை சொல்கின்றன. 1931இல் ‘காளிதாஸ்’ பேசத் தொடங்கிய பிறகு வந்த ஆரம்பப் படங்களில் ‘வள்ளி திருமணம்’ 1933இலும், தியாகராஜ பாகவதரின் முதல் படமான ‘பவளக்கொடி’ 1934இலும், ‘அல்லி அர்ச்சுனா’ 1935இலும் வந்தன. மூன்றும் சங்கரதாஸ் சுவாமிகள் காலத்து நாடக மேடையில் ஊர் ஊராக ஓடிய கதைகள். அல்லியும் பவளக்கொடியும் அதற்கு முன்பே பெரிய எழுத்துப் புத்தகங்களாகச் சந்தைகளில் விற்றவை. தமிழ்நாட்டுத் திண்ணைகளிலும் இங்கே மலையகத்தில் தோட்டத் தொழிலாளர் குடியிருப்பான லயத்து வாசல்களிலும் ஒருவர் உரக்க வாசிக்க மற்றவர்கள் கேட்டவை. அல்லி அரசாணி மாலையின் கதை என்ன? மதுரையை ஆளும் அல்லி ஆண்களை அண்ட விடாதவள். அர்ச்சுனன் அவள்மேல் ஆசைப்படுகிறான், அவள் மறுக்கிறாள். கண்ணனின் துணையோடு பாம்பு உருவில் அவள் பள்ளியறைக்குள் நுழைந்து, அவள் உறங்கும்போது தாலி கட்டிவிடுகிறான். விழித்தெழுந்து போருக்கு நிற்கும் அரசி கடைசியில் மனைவியாகிறாள். இந்தக் கதையைச் சற்று நிதானமாகப் பார்த்தால் 1972இல் வந்த ‘பட்டிக்காடா பட்டணமா’வும் 1992இல் வந்த ‘மன்னன்’ படமும் கண்முன் வரும். படித்த, பணமுள்ள, நிமிர்ந்து நிற்கும் பெண்ணை நாயகன் வழிக்குக் கொண்டுவருவதையே காதல் என்று காட்டும் நூறு படங்களின் எலும்புக்கூடு அல்லி கதையில் இருக்கிறது. வள்ளி திருமணமும் அப்படித்தான். மறுக்கும் பெண்ணின் முன் வேடனாக வந்து, கிழவனாக வந்து, பிள்ளையாரை யானையாக வரவழைத்து மிரட்டி அணைத்துக்கொள்ளும் நாயகன் அங்கே இருக்கிறான். யானையிடமிருந்து தலைவன் காக்கும் துறை அகத்திலும் உண்டே என்று புலவர்கள் சொல்லக்கூடும். உண்டு, அங்கே யானையை ஏவியவன் தலைவன் அல்லன். அந்த ஒரு வேறுபாட்டில்தான் இரண்டு மரபுகளும் பிரிகின்றன.

மேடைக்கு அடுத்த ஊற்று மேல்நாட்டுப் படம். 1937இல், குறுந்தொகையின் சாமிநாதையர் பதிப்பு வந்த அதே ஆண்டில், ‘அம்பிகாபதி’ வந்தது. இயக்கியவர் எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர், தமிழ் பேசத் தெரியாதவர். கம்பர் மகன் சோழ இளவரசியைக் காதலித்த கதைக்கு அவர் தேடிய முன்மாதிரி ‘ரோமியோ ஜூலியட்’டின் மாடக் காட்சி, அதைத் தமிழாக்கித் தந்தவர் வசனகர்த்தா இளங்கோவன். மாடத்தில் அவள், கீழே அவன், நடுவில் நிலவு என்று இன்று வரை பாட்டுக்குப் பாட்டு வருகிற காட்சி தமிழ்ப் படத்தில் ஊன்றிய வழி இது. இதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. கலைகள் இப்படித்தான் வளரும். ஆனால் வந்த வழியை மறைத்துவிட்டு வேறு வம்சாவளி எழுதுவது வரலாறு ஆகாது.

வம்சாவளியை விட்டுவிட்டு உள்ளடக்கத்தைப் பார்த்தாலும் இரண்டும் எதிர்த் திசைகளில் நிற்கின்றன. அகத்திணையின் முதற்கட்டளை, காதலரின் பெயரைச் சொல்லக்கூடாது என்பது. தொல்காப்பியம் விதித்த இந்தத் தடை எவ்வளவு கடுமையாகக் கடைப்பிடிக்கப்பட்டது என்பதற்கு நெடுநல்வாடையே சான்று. பாசறையில் இருக்கும் அரசனை நினைத்து அரண்மனையில் உறங்காமல் கிடக்கும் அரசியைப் பாடுகிறது அந்தப் பாட்டு. பிரிவுத் துயரம் அதைவிட நுட்பமாகச் சொல்லப்பட்டதில்லை. ஆனாலும் வேலில் கட்டிய வேம்பு என்ற ஒரு குறிப்பு பாண்டியனைக் காட்டிக்கொடுத்துவிடுவதால் உரைகாரர்கள் அதைப் புறத்தில் சேர்த்தார்கள். ஓர் இலை போதும், அகம் புறமாகிவிடும். இந்தக் கட்டளையின் பின்னால் ஒரு பெரிய எண்ணம் இருக்கிறது: சொல்லப்படும் துயரம் எவருடையதும் அல்ல, ஆகவே கேட்கிற எவருடையதாகவும் ஆகலாம். சினிமாவின் அடிப்படைச் சட்டமோ இதற்கு நேர்மாறு. கம்பளையைத் தாண்டினால் வரும் நாவலப்பிட்டியில் 1917 ஜனவரி 17ஆம் திகதி பிறந்த மருதூர் கோபாலமேனன் இராமச்சந்திரன் திரையில் காதலித்தபோது, பார்த்தவர்கள் கதாபாத்திரத்தைப் பார்க்கவில்லை, எம்.ஜி.ஆரைப் பார்த்தார்கள். பாத்திரத்தின் பெயர் மறந்துபோகும், நடிகரின் பெயர் நிற்கும். பாடலின் முதலடியே நாயகனின் வாழ்த்தாக மாறிய பின்னர் அங்கே வேம்பு ஓர் இலையாக இல்லை, தோப்பாகவே நிற்கிறது. அகத்திணை கட்டிக்காத்த பெயரின்மையை முழுமையாகக் கைவிட்ட கலை எது என்று கேட்டால், தமிழ் சினிமா என்றே சொல்லவேண்டும்.

யார் பேசுகிறார்கள் என்று கேட்டால் இடைவெளி இன்னும் அகலும். அகப்பாட்டில் தலைவி பேசுகிறாள், தோழி பேசுகிறாள், செவிலி பேசுகிறாள், பரத்தை பேசுகிறாள். தலைவனுக்கும் இடமுண்டு, ஆனால் கவிதையின் உள்ளம் பெரும்பாலும் பெண்களின் வாயிலிருந்தே நமக்குத் தெரியவருகிறது. திருமணத்தோடு பாட்டு முடிவதும் இல்லை. பொருள் தேடிப் போனவன் திரும்பாத மாலை, பரத்தையிடமிருந்து வந்தவனுக்குத் திறக்காத கதவு, பிள்ளையைச் சாக்காக வைத்து வீட்டுக்குள் நுழையப் பார்க்கும் கணவன் என்று கற்பு வாழ்க்கையின் கசப்புகளையும் அது விடாமல் பேசுகிறது. சினிமாவில் தாலி கட்டியதும் படம் முடிகிறது. அதுவரை பேசுகிறவன் ஆண். அவள் போகும் பஸ்ஸில் ஏறி, அவள் படிக்கும் வகுப்பின் வாசலில் நின்று, வேண்டாம் என்ற சொல்லை வேண்டும் என்று பொருள்கொண்டு நடக்கிற ஆணின் ஒருதலை ஆசை, தொல்காப்பியர் கணக்கில் அன்பின் ஐந்திணைக்குள் வராது, அது கைக்கிளை. வரம்பு மீறினால் பெருந்திணை. மடலேறுதல் என்ற வழக்கம் இருந்ததே, பனைமடல் குதிரையில் ஏறி ஊர் நடுவே நிற்பேன் என்று தலைவன் மிரட்டவில்லையா என்று கேட்பவர்கள் உண்டு. நல்ல கேள்விதான். அகப்பாட்டில் மடல் பெரும்பாலும் ஏறுவேன் என்ற பேச்சோடு நிற்பது. உண்மையில் ஏறிவிட்டால் அதைப் பெருந்திணை என்று தொல்காப்பியமே ஒதுக்கிவிடுகிறது. மடல் ஏறுகிறவன் வருத்துவதும் தன் உடலை. அவள் உடலை அல்ல. ஆக, நம் இலக்கணம் காதல் அன்று என்று தள்ளிவைத்ததை நடுவீட்டில் கொண்டுவந்து வைத்துவிட்டு, இதுதான் தமிழ் மரபு என்று அந்த இலக்கணத்தின் பெயராலேயே சான்றிதழ் கொடுக்கிறோம். இளம்பெண்களைப் பின்தொடர்ந்து வதைக்கும் ஆண்களுக்கு அந்தச் சான்றிதழ் ஒரு கவசம் என்பதால்தான் இந்த வாதம் வெறும் புலமைச் சண்டை அல்ல.

இதனால் சங்க அகத்தைப் பொற்காலமாக்கித் தலையில் தூக்கிவைக்க நான் வரவில்லை. நேர்கோட்டுக்காரர்கள் மறைக்கும் இன்னொரு பக்கத்தையும் சொல்லியாகவேண்டும். பிறரிடம் அடிமைப்பட்டவர்களும் ஏவல் செய்து உழைப்பவர்களும் அன்பின் ஐந்திணைக்கு உரியவர்கள் அல்லர், அவர்களுடைய காமத்தை அதற்குப் புறமான கைக்கிளை, பெருந்திணைகளில் வைத்துப் பாடலாம் என்பது தொல்காப்பியத்தின் அகத்திணையியல் சொல்லும் விதி. கலித்தொகையில் கூனியும் குறளனும் ஒருவரையொருவர் கேலி செய்துகொண்டு கூடும் பாட்டு அந்த விதிக்கு எடுத்துக்காட்டு. ஏவலர்களின் ஆசை சிரிப்புக்குரியதாக வைக்கப்பட்டது. காதலர் இருவரும் ஒத்திருக்கவேண்டிய பத்துப் பொருத்தங்களை அதே நூலின் மெய்ப்பாட்டியல் அடுக்கும்போது முதலில் நிற்பவை பிறப்பும் குடிமையும். சங்க காலத்தில் காதலுக்குக் குலம் கோத்திரம் கிடையாது என்று மேடையில் சொல்வது எத்தனை இனிமையாக இருந்தாலும், இலக்கணம் அப்படிச் சொல்லவில்லை. 2012இல் தர்மபுரியில் ஒரு கலப்புத் திருமணத்தைக் காரணம் காட்டிக் குடியிருப்புகள் கொளுத்தப்பட்டபோதும், 2016இல் உடுமலைப்பேட்டையில் நடுத்தெருவில் ஓர் இளைஞன் வெட்டப்பட்டபோதும், காதல் தமிழரின் இரத்தத்தில் ஊறியது என்ற பேச்சு அந்த உயிர்களுக்கு எந்தத் துணையும் செய்யவில்லை. ஊறியது காதல் மட்டும் என்று நம்புகிறவர்களால், கூடவே ஊறிக்கிடக்கும் மற்றதைப் பார்க்கவே முடிவதில்லை. நம்முடைய லயங்களும் இதற்கு விலக்கல்ல. கங்காணி தன் ஊரிலிருந்து ஆள் கட்டி வந்தபோது சாதியையும் கூடவே கட்டிக்கொண்டுதான் வந்தான்.

ஏவலரும் உழைப்பவரும் ஐந்திணைக்கு வெளியே என்ற அந்த விதியைக் கம்பளையிலிருந்து வாசிக்கும்போது அது வேறு கனம் பெறுகிறது. 1820களில் ஜோர்ஜ் பேர்ட் கம்பளைக்கு அருகே சிங்ஹபிட்டியவில் கோப்பித் தோட்டம் திறந்தார். பெருந்தோட்டமாக இந்த நாட்டில் கோப்பி வேரூன்றியதும், அதற்காகத் தமிழ்நாட்டிலிருந்து தொழிலாளர் வரத் தொடங்கியதும் இந்தச் சுற்றுவட்டாரத்தில்தான். வந்தவர்கள் முழுக்க முழுக்கத் தொல்காப்பியம் வெளியே நிறுத்திய மக்கள். கோப்பிக் காலத்தில் பெரும்பாலும் ஆண்கள் பருவத்துக்கு வந்து பருவத்துக்குத் திரும்பினார்கள். இராமேசுவரக் கரையிலிருந்து கடல் கடந்து, மன்னாரிலிருந்து காட்டு வழியே மாத்தளை நோக்கி நடந்தார்கள். வழியில் வாந்திபேதியிலும் காய்ச்சலிலும் விழுந்தவர்கள் விழுந்த இடத்திலேயே கிடந்தார்கள். ஊரில் இருந்த பெண்கள் கண்டிச் சீமைக்குப் போனவனை நினைத்துப் பாடினார்கள். அந்தக் கண்டி தமிழ்நாட்டு நாட்டுப்பாடல்களில் இன்றும் கிடக்கிறது. 1869இல் தொடங்கிய இலைநோய் கோப்பியை அழிக்க, தேயிலை வந்தது. தேயிலைக்கு ஆண்டு முழுதும் ஆள் வேண்டும், கொழுந்து எடுக்கப் பெண் வேண்டும். குடும்பங்கள் வந்து தங்கின. பத்துக்குப் பன்னிரண்டு அடிக் காம்பராவில் ஒரு குடும்பமே படுத்தெழும் வாழ்க்கையில் இரகசியம் என்று ஒன்று கிடையாது. களவுக் காதல் நடக்க வேண்டுமானால் அது மலையிலும் ஆற்றோரத்திலும் கோவில் திருவிழாவிலும்தான் நடக்கவேண்டும். ஊர் தூற்றும் அலருக்கோ லயத்தைவிடப் பொருத்தமான இடம் உலகிலேயே இல்லை. பக்கத்துக் காம்பராவில் மூச்சு விட்டாலும் இந்தக் காம்பராவில் கேட்கும்.

சி.வி. வேலுப்பிள்ளை தோட்டம் தோட்டமாகத் தேடித் தொகுத்த மலைநாட்டு மக்கள் பாடல்களைத் துயரத்தின் ஆவணமாக மட்டும் வாசிக்கப் பழகிவிட்டோம். கங்காணியின் அடி, துரையின் ஏச்சு, அரைநாள் கூலியான அரைப்பேர் என்று இவற்றை மட்டும் பொறுக்கி எடுக்கிறோம். அந்தப் பாடல்களில் கேலியாகவும் கோபமாகவும் ஏக்கமாகவும் காதல் பேசப்படுகிறது. பேசுகிறவள் பல இடங்களில் பெண். பெயர் கிடையாது, மாமன் மச்சான் என்ற முறைகள்தான். பிரிவுக்குக் காரணம் எப்போதும் பிழைப்பு. அகப்பாட்டின் அடையாளங்கள் என்று நாம் போற்றும் அத்தனையும் இங்கே இருக்கின்றன. பார், நீயே தொடர்ச்சியை ஒப்புக்கொள்கிறாய் என்று யாரும் முந்திக்கொள்ள வேண்டாம். இந்தப் பாடல்களைக் கட்டிய பெண்கள் குறுந்தொகையைக் கேட்டதில்லை. கேட்டிருந்தால் தங்களுக்கு அதில் இடமில்லை என்ற விதியையும் சேர்த்தே கேட்டிருப்பார்கள். ஒற்றுமை வந்தது வாரிசுரிமையால் அல்ல. பிழைப்புக்காகப் பிரிவதும், பிரிந்தவனுக்காகக் காத்திருப்பவள் வாய் திறந்து சொல்வதும் எங்கே நடக்கிறதோ அங்கே இப்படிப்பட்ட பாட்டு பிறக்கும். ஆய்வாளர் கார்த்திகேசு சிவத்தம்பி திணைக் கோட்பாட்டை நிலத்தின் உற்பத்தி முறையோடு சேர்த்து வாசிக்கச் சொன்னபோது இந்தக் கதவைத் திறந்துவைத்தார். அவர் பயின்ற பேராதனையிலிருந்து பார்த்தால் தெரியும் மலைகளுக்கு அந்த வாசிப்பை முழுதாகக் கொண்டுபோக இன்னும் நிறைய வேலை பாக்கியிருக்கிறது.

காமன் கூத்தை இந்த இடத்தில் சற்று நின்று பார்க்கவேண்டும். மாசி மாதத்தில் கம்பம் ஊன்றி, தப்பு முழங்க, இரவிரவாகத் தோட்டமே விழித்திருந்து பார்க்கும் இந்தக் கூத்து மலையகத்தின் மிகப் பெரிய கதை நிகழ்ச்சி, அதன் மையம் ஒரு காதல் கதை. மதனுக்கும் ரதிக்கும் திருமணம் நடக்கிறது. சினிமா முடியும் அந்த இடத்தில்தான் கூத்து சூடு பிடிக்கிறது. தவத்திலிருக்கும் சிவனை எழுப்ப வேண்டும் என்று தேவர்களின் ஓலையோடு தூதன் வருகிறான். போகாதே என்று ரதி மறிக்கிறாள், வாதாடுகிறாள். மேலிடத்து உத்தரவு, போகாமல் முடியாது என்று மதன் கிளம்புகிறான். எரிந்து சாம்பலாகிறான். பிறகு ரதியின் புலம்பல். அந்தப் புலம்பலின் வலுவில்தான் அவன் மீண்டும் எழுகிறான். தேவைப்பட்டவர்கள் தேவர்கள், எரிந்தவன் காமன், தனித்தவள் ரதி. தோட்டத்தில் இதைப் பார்த்திருக்கும் ஒருவருக்கு உரை தேவையில்லை. காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டில் பெயர் கூப்பிட்டால் போய்த்தான் ஆகவேண்டும் என்பது அவருக்குத் தெரியும். இது வடமொழிப் புராணக் கதைதானே, தமிழ் அகம் எங்கே என்று கேட்பவருக்கு இரண்டு பதில்கள். காமனுக்கு விழா எடுப்பதும் காமன் கோட்டத்தில் வழிபடுவதும் கலித்தொகையிலும் சிலப்பதிகாரத்திலும் தெரிந்த வழக்கங்கள். தேவந்தி கண்ணகியை அந்தக் கோட்டத்துக்கு அழைத்ததும் கண்ணகி மறுத்ததும் இலக்கியம் படித்தவர் அறிந்தவை. இதைவிட முக்கியமான பதில், கதை எங்கிருந்து வந்தது என்பதைவிடச் சொல்கிறவர்கள் அதை எப்படிச் சொந்தமாக்கினார்கள் என்பதே கலையில் கணக்கு. தஞ்சை வட்டாரத்து இலாவணிக்காரர்கள் காமன் எரிந்தான், எரியவில்லை என்று கட்சி பிரிந்து பாடினார்கள். மலையகத்தில் அந்த எரிப்பு விவாதப்பொருளாக நிற்கவில்லை, வாழ்க்கைச் சரித்திரமாயிற்று.

அந்தச் சரித்திரத்தில் மிகக் கொடிய பிரிவை எழுதியது தேவர்கள் அல்ல, இரண்டு அரசாங்கங்கள். 1948இன் பிரஜாவுரிமைச் சட்டம் இந்த மக்களை நாடற்றவர்களாக்கியது. 1964 ஒக்டோபரில் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் கையெழுத்திட்ட ஒப்பந்தத்தில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு என்று மனிதர்கள் பங்கிடப்பட்டார்கள். மீந்த 1,50,000 பேரை 1974இல் பாதிப் பாதியாகப் பிரித்தார்கள். ஒரே வீட்டில் ஒருவருக்கு இந்தியக் கடவுச்சீட்டு, ஒருவருக்கு இலங்கைப் பிரஜாவுரிமை என்று விழுந்தது. ஹட்டனிலிருந்தும் நாவலப்பிட்டியிலிருந்தும் கம்பளை வழியாகத் தலைமன்னாருக்குப் போகிறவர்களை ஏற்றிச் சென்ற வண்டியை மக்கள் அழுகைக் கோச்சி என்றார்கள். தலைமன்னாரிலிருந்து இந்தியாவுக்கு ஓடிய கப்பல் 1984இல் நிற்கும்வரை அந்தப் பிரிவு நடந்தது. இதில் எத்தனை காதல்கள் இரு கரைகளில் பிரிந்து நின்றன என்பதை எந்தப் பதிவேடும் சொல்லாது. இந்தக் காலத்தில் கோடம்பாக்கம் கொடைக்கானலுக்கும் ஊட்டிக்கும் போய்த் தேயிலை மலைகளில் காதல் பாட்டு எடுத்துக்கொண்டிருந்தது. பச்சை மலை, வளைந்த பாதை, ஓடிவரும் நாயகி. பின்னணியில் கூடை சுமந்து நின்ற பெண்கள் அழகுக்காக நிறுத்தப்பட்டவர்கள். தேயிலை மலையைக் காதலின் திரைச்சீலையாக்கி, அந்த மலையில் உழைக்கிறவளின் காதலை மட்டும் வெளியே நிறுத்தினால், தொல்காப்பியத்தின் அந்தப் பழைய விதியை ஒளிப்படக் கருவி கொண்டு மறுபடி எழுதுகிறோம் என்றே பொருள். இலங்கையில் 1963இல் ‘தோட்டக்காரி’யும், வி.பி. கணேசனின் முயற்சியால் 1975இல் ‘புதிய காற்று’ம் இதை மாற்றப் பார்த்தன. அவற்றின் தொழில்நுட்பக் குறைகளைப் பேசும் அளவுக்கு அவற்றின் துணிவை நாம் பேசுவதில்லை.

பாடலாசிரியர்களை வைத்து ஒரு மறுப்பு வரும். வைரமுத்து 1997இல் ‘இருவர்’ படப் பாடலில் குறுந்தொகையை எடுத்தாண்டாரே, செம்மண்ணில் கலந்த மழைநீர் என்ற செம்புலப் பெயனீரார் பாட்டின் உவமை எத்தனை திரைப்பாடல்களில், எத்தனை திருமண அழைப்பிதழ்களில் வந்துவிட்டது, இது தொடர்ச்சி இல்லையா? இல்லை, இது மேற்கோள். பதிப்பாசிரியர்கள் உழைத்து மீட்டுத் தந்ததால் கிடைத்த மேற்கோள். தொடர்ச்சி என்றால் பாட்டின் சூழலும் கூட வந்திருக்க வேண்டும். கூடிய பின் இவன் பிரிந்துவிடுவானோ என்று அஞ்சுகிற தலைவியின் முகம் பார்த்துத் தலைவன் சொன்னது அந்தப் பாட்டு என்று பழைய குறிப்பு சொல்கிறது. பாட்டின் உயிர் அவளுடைய அச்சத்தில் இருக்கிறது. அழைப்பிதழிலும் திரைப்பாட்டிலும் அச்சம் உதிர்ந்து, கலத்தலின் கொண்டாட்டம் மட்டும் மிஞ்சுகிறது. அந்த மேற்கோள்களை நான் வெறுக்கவில்லை. அவற்றால் சிலர் மூலத்தைத் தேடி வாசித்திருப்பார்கள். ஆனால் மேற்கோள் காட்டுகிறவன் வாரிசு ஆகிவிட மாட்டான்.

இன்னொரு மறுப்பு எங்கள் பக்கத்திலிருந்தே வரும். தோட்டத்து மக்களே சினிமாவைத்தானே நேசிக்கிறார்கள், இலங்கை வானொலியின் தமிழ்ச் சேவை பாடிய பாட்டுகளைக் கேட்டுத்தானே மூன்று தலைமுறை காதலித்தது, காமன் கூத்து மேடையிலேயே சினிமா மெட்டு நுழைந்துவிடவில்லையா? எல்லாம் உண்மை. நேசிப்பதைக் குறை சொல்லவில்லை. வானொலிப் பாட்டில் தன் ஏக்கத்தை ஏற்றிப் பாடிய கொழுந்துப் பெண் அந்தப் பாட்டுக்குத் தன்னிடமிருந்து ஒரு பொருளைக் கொடுத்தாள். அது பாட்டிலிருந்து அவளுக்கு வந்தது அல்ல. நல்ல படங்களே இல்லையா என்றால், உண்டு. 2004இல் பாலாஜி சக்திவேலின் ‘காதல்’, 2018இல் மாரி செல்வராஜின் ‘பரியேறும் பெருமாள்’. காதலை நம் மரபின் மாலையாகப் போட்டுக்கொள்ள மறுத்து, யாருக்கு அது மறுக்கப்படுகிறது, என்ன விலை கேட்கப்படுகிறது என்று இவை கேட்டன. தொடர்ச்சிப் பெருமையை நம்பியிருந்தால் இவ்விரண்டும் எடுக்கப்பட்டிருக்காது.

இன்று சொல்லப்படக் காத்திருக்கும் கதை ஒன்று இருக்கிறது. கடல் கடக்கும் பிரிவில் பெண் உடன்செல்லும் வழக்கம் இல்லை என்றது தொல்காப்பியம். பொருள் தேடிப் போகிறவன் ஆண், காத்திருப்பவள் பெண். சென்ற நாற்பது ஆண்டுகளில் இந்த நாட்டில் அது தலைகீழாயிற்று. கம்பளை, புசல்லாவை, நாவலப்பிட்டிப் பக்கத்துத் தோட்டங்களிலிருந்தும் கிராமங்களிலிருந்தும் தமிழ், முஸ்லிம், சிங்களப் பெண்கள் சவூதிக்கும் குவைத்துக்கும் பணிப்பெண்களாகப் போகிறார்கள். பொருள்வயிற் பிரிகிறவள் தலைவி. வீட்டில் பிள்ளைகளோடு இருக்கிறவன் தலைவன். தொலைபேசியில் பேசும் இரவு, அனுப்பிய பணம் எங்கே போனது என்ற ஊடல், ஊர் சொல்லும் அலர், திரும்பி வந்தவளை ஏற்பதா என்ற கேள்வி, திரும்பாமலே போனவளின் காதல் எல்லாமே இங்கே இருக்கின்றன. இதற்குக் குறுந்தொகையில் துறை கிடையாது, கோடம்பாக்கத்தில் கதை கிடையாது. நேர்கோட்டை நம்புகிறவர் இந்தப் பெண்ணைக் காதல் இலக்கியத்தில் எங்கே வைப்பது என்று தெரியாமல் நிற்பார். அவளுக்கு வேண்டியது இரண்டாயிரம் ஆண்டுப் பெருமையில் ஒரு பங்கு அல்ல. லயத்துப் பாடல்களைக் கட்டிய பெண்களைப் போல அவளே தன் பிரிவைச் சொல்லவேண்டும். எழுதுகிறவர்கள் அதைக் காதல் கதை என்றே கேட்கவேண்டும். பாடசாலையில் குறுந்தொகை நடத்தும் ஆசிரியர் அதே வாரத்தில் வேலுப்பிள்ளையின் தொகுப்பையும் ரதியின் புலம்பலையும் வகுப்புக்குக் கொண்டுவரவேண்டும்.